லானா கோகோபெரிட்ஸேயின் 'அம்மாவும் மகளும்': எந்த வரிசையில் பார்ப்பது, எந்த வேகத்தில் ஓட்டுவது, சப்டைட்டில் எப்படிப் போடுவது?

மதுரைத்திரை:
ஜார்ஜிய இயக்குநர் லானா கோகோபெரிட்ஸே 2023-ல் எடுத்த 'அம்மாவும் மகளும், அல்லது இரவு ஒருபோதும் முழுமையாவதில்லை' படத்தைத் தமிழ் சப்டைட்டிலோடு திரையிடும் பேச்சு ஒரு திரைப்பட இயக்கத்தில் நடக்கிறது. ஒன்றரை மணி நேரப் படம். இயக்குநரின் அம்மா நுத்ஸா கோகோபெரிட்ஸே ஜார்ஜியாவின் முதல் பெண் இயக்குநர். அவர் படங்களின் துண்டுகள், மகள் எடுத்த கதைப்படங்களின் துண்டுகள், குடும்பப் புகைப்படங்கள், எல்லாவற்றுக்கும் மேலே லானாவின் குரல். இவ்வளவுதான் படத்தின் சரக்கு. கேள்விகள்: முன்னால் எதைக் காட்டினால் இது புரியும்? நுத்ஸாவின் ஊமைப்படத்தையும் சேர்த்துக் காட்டினால் வேகம் என்ன வைப்பது? தமிழ் எழுத்து அரங்கில் உடையாமல் வருமா? தெரிந்தவர்கள் விரிவாகவே எழுதுங்கள்.

கறுப்புவெள்ளை:
முதலில் ஆளைத் தெரிந்துகொள்ளுங்கள். பார்வையாளர்களுக்குத் தரும் அறிமுகத் தாளில் இந்த ஆண்டுகள் இல்லையென்றால் படம் பாதிதான் போய்ச் சேரும்.

நுத்ஸா பிறந்தது 1902, சாயிங்கிலோ பகுதியில். அது இப்போது அஜர்பைஜானில் இருக்கிறது. ஜெர்மனியில் யேனா பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்துவிட்டுத் திரும்பிச் சினிமாவுக்கு வந்தவர். 1928-ல் மிகயீல் கலடோஸவோடு சேர்ந்து 'அவர்களின் ராஜ்ஜியம்' என்ற தொகுப்புப் படம். 1930-ல் 'பூபா': மேல் ராச்சா மலைப்பகுதியின் வாழ்க்கை பற்றிய ஆவணப்படம், முக்கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். 1934-ல் 'உழ்முரி': மெக்ரெலியாவின் சதுப்புநிலத்தை வடிய வைக்கும் கதை, சதுப்பின் ராணி என்று மக்கள் நம்பிய ஒரு பெண்பேயின் பெயர்தான் தலைப்பு.

கணவர் லெவான் கோகோபெரிட்ஸே கம்யூனிஸ்ட் கட்சியின் பெரிய தலை, 1930-ல் ஜார்ஜியக் கட்சியின் முதல் செயலாளர். 1937-ல் சுட்டுக்கொல்லப்பட்டார். அதே ஆண்டு நுத்ஸாவும் கைதானார். பத்து வருடம் கட்டாய உழைப்பு முகாம். லானா 1928-ல் பிறந்தவர் என்பதால் அம்மா போனபோது ஒன்பது வயதுகூட நிரம்பவில்லை. திரும்பி வந்த நுத்ஸா படமே எடுக்கவில்லை. மொழியியல் நிறுவனத்தில் அகராதி வேலை பார்த்தார். 1966-ல் இறந்தார். சோவியத் சினிமா வரலாற்றில் அவர் பெயரைத் துடைத்துவிட்டார்கள். படங்கள் தொலைந்துவிட்டதாகவே எல்லோரும் நினைத்திருந்தார்கள். 2010-களில்தான் 'பூபா', 'உழ்முரி' இரண்டும் மாஸ்கோவுக்கு வெளியே இருக்கும் கோஸ்ஃபில்மோஃபோண்ட் காப்பகத்தில் கிடைத்தன.

அப்போது லானாவுக்கு எண்பது தாண்டியிருந்தது. அந்த வயதில் அம்மாவின் கண் எதைப் பார்த்தது, எங்கே வெட்டியது என்று ஃபிரேம் ஃபிரேமாகப் பார்க்கக் கிடைத்தது. முகாமில் அம்மா எப்படி இருந்தார் என்பதற்கு மட்டும் ஓர் அடி ஃபிலிம்கூடக் கிடையாது. படத்தின் வடிவம் முழுக்க அந்த இல்லாமையிலிருந்து பிறந்தது.

வெட்டொட்டு:
எல்லாம் சரி. ஆனால் இதைச் 'சோதனைப் படம்' என்று விளம்பரம் செய்யாதீர்கள். ஒரு மூத்த இயக்குநர் பேசுகிறார், துண்டுகள் ஓடுகின்றன, அவ்வளவுதான். சோதனை என்று சொல்லிக் கூட்டத்தைக் கூட்டினால், ஓவியம் போன்ற நிலைக்காட்சிகளை அடுக்கும் இயக்குநர் பரஜானவ் மாதிரி எதையோ எதிர்பார்த்து வருவார்கள், பாதியில் எழுந்து போவார்கள்.

கறுப்புவெள்ளை:
வெட்டொட்டு, குரலை மட்டும் கேட்டால் நீங்கள் சொல்வது சரிதான். படத்தொகுப்பைக் கவனியுங்கள். லானாவின் 1978 படம் 'சொந்த விஷயங்கள் பற்றிச் சில நேர்காணல்கள்'. சோஃபிகோ சியாவுரெலி நடித்தது. அதில் முகாமிலிருந்து திரும்பும் அம்மாவை மகள் எதிர்கொள்ளும் காட்சி உண்டு. சோவியத் திரையில் முகாமிலிருந்து திரும்பியவர்களைக் காட்டிய மிகச் சில படங்களில் ஒன்று. 1992-ல் 'பெச்சோராவில் வால்ட்ஸ்': அநாதை இல்லத்திலிருந்து ஓடிவரும் சிறுமி ஒரு பக்கம், வடக்கே பனியில் நடத்திச் செல்லப்படும் பெண் கைதிகள் இன்னொரு பக்கம். இரண்டுமே நடிகர்களை வைத்து எடுத்த கதைப்படங்கள். 2023 படத்தில் இந்த நடிப்புக் காட்சிகள் குடும்ப ஆவணத்தின் இடத்தில் வந்து உட்காருகின்றன. அதாவது நாற்பத்தைந்து வருடத்துக்கு முன் தான் புனைந்த நினைவை, இப்போது சான்றாக எடுத்து வைக்கிறார். அம்மா எடுத்த உண்மை மனிதர்களின் படமும், அம்மாவாக நடித்தவரின் படமும் ஒரே வரிசையில் ஓடுகின்றன. பரஜானவின் நிலைக்காட்சிகளைவிட இது எனக்குத் துணிச்சலாகத் தெரிகிறது.

வெட்டொட்டு:
துணிச்சலா, ஏமாற்றா? எது ஆவணம், எது நடிப்பு என்று கீழே எழுதிக் காட்டினால் குறைந்தா போய்விடும்? முன்படங்களைப் பார்க்காதவன் அந்தச் சந்திப்புக் காட்சியை நிஜம் என்று நினைத்துக்கொள்வான்.

தெற்குச்சாளரம்:
நினைக்கமாட்டான். 1940-களின் முகாமை வண்ணத்தில், நல்ல ஒளியமைப்போடு யார் படம் பிடித்திருக்க முடியும்? ஃபிலிமின் முகமே சொல்லிவிடும். ஆனாலும் திரையிடுபவர்களுக்கு ஒரு பரிந்துரை: அறிமுகத் தாளில் நான்கு படங்களின் பெயர், ஆண்டு, ஆவணமா கதையா என்று நான்கே வரி போடுங்கள். திரையில் எதையும் சேர்க்காதீர்கள். சப்டைட்டிலில் 'காட்சி: 1978 படம்' என்று நாமாகச் சேர்ப்பது இயக்குநரின் படத்தொகுப்பில் கைவைப்பதுதான்.

இன்னொன்று, திரையிடலுக்குப் பின் கேள்வி நேரத்தில் அரசியல் கட்டாயம் வரும். நுத்ஸா குடும்பம் பாதிக்கப்பட்ட குடும்பம் மட்டுமல்ல, ஆட்சியில் இருந்த குடும்பமும்கூட. 1921 பிப்ரவரியில் செஞ்சேனை திபிலீசிக்குள் நுழைந்து, மூன்று வயதுகூட நிரம்பாத ஜார்ஜியக் குடியரசை முடித்துவைத்தது. 1924 ஆகஸ்ட் கிளர்ச்சியை ரத்தத்தில் அடக்கினார்கள். லெவான் அந்தக் கட்சியில்தான் மேலே ஏறினார். 'அவர்களின் ராஜ்ஜியம்' அந்தக் கவிழ்க்கப்பட்ட குடியரசை ஆண்ட மென்ஷெவிக் (போல்ஷெவிக்குகளுக்கு எதிரான சோசலிஸ்டுகள்) அரசைக் கேலி செய்யும் படம். 'உழ்முரி' சதுப்பை வென்ற புதிய ஆட்சியின் புகழ் பாடுகிறது. இதை யாராவது எழுந்து கேட்டால் முழிக்கக்கூடாது. நினைவைப் பற்றிய படத்தைக் காட்டும்போது அந்த நினைவில் சங்கடமான அறைகளும் உண்டு என்று நாமே முதலில் சொல்லிவிடுவது மேல்.

வெட்டொட்டு:
இது நியாயமான பேச்சு. சோதனையா இல்லையா என்பதில் என் கருத்து மாறவில்லை.

சுருள்பெட்டி:
வேகம் பற்றிக் கேட்டார் மதுரைத்திரை. இதில்தான் அதிகம் சொதப்புகிறார்கள், கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

ஊமைப்படத்துக்கு ஒரே வேகம் என்று எதுவும் கிடையாது. 1920-களின் கடைசியில் கேமராவைக் கையால் சுற்றினாலும் மோட்டாரால் சுற்றினாலும் நொடிக்கு 16 முதல் 24 ஃபிரேம் வரை எதுவும் இருக்கலாம். ஒரே படத்துக்குள்ளேயே மாறும். கையில் கிடைக்கும் கோப்பு 24-ல் அப்படியே ஓடுகிறதா, யாராவது வேகம் திருத்தியிருக்கிறார்களா என்று முதலில் பாருங்கள்.

கணக்கு எளிது. 35 எம்எம் சுருளில் ஒரு மீட்டருக்கு ஏறத்தாழ 52.5 ஃபிரேம். 1,000 மீட்டர் படம் என்றால் சுமார் 52,500 ஃபிரேம். அதை 24-ல் ஓட்டினால் முப்பத்தாறரை நிமிடம், 20-ல் 43 நிமிடம் 45 நொடி, 18-ல் நாற்பத்தெட்டரை நிமிடம். பழைய பட்டியல்களில் நீளம் மீட்டரில்தான் இருக்கும். கோப்பின் நிமிடத்தையும் பட்டியலின் மீட்டரையும் வைத்து வகுத்தால் எந்த வேகத்தில் மாற்றியிருக்கிறார்கள் என்று தெரிந்துவிடும். ஒரே படத்துக்கு இரண்டு இணையதளங்களில் இரண்டு நீளம் போட்டிருந்தால் வெட்டுப்பட்ட பிரதி என்று உடனே முடிவு கட்டாதீர்கள். பாதி நேரம் வேக வித்தியாசம்தான் காரணம்.

18 ஃபிரேமை 24-க்குக் கொண்டுபோக மூன்றுக்கு ஒரு ஃபிரேமை இரண்டு முறை காட்ட வேண்டும். 16 என்றால் இரண்டுக்கு ஒன்று, 20 என்றால் ஐந்துக்கு ஒன்று. இதில் லேசான துள்ளல் தெரியும். தெரியட்டும். துள்ளலை மறைக்க மென்பொருளில் 'ஃபிரேம் கலப்பு' போட்டால் ஓடும் ஆளுக்கு நான்கு கால் முளைக்கும். செயற்கை நுண்ணறிவு வைத்து இடை ஃபிரேம்களை உண்டாக்குவது அதைவிட மோசம்: வைக்கோல், தண்ணீர், பனித்தூள் எல்லாம் பிசுபிசுவென்று உருகும். மலைப்பகுதிப் படத்தில் இருப்பதே அவைதான்.

மதுரைத்திரை:
நன்றி சார். மீட்டர் கணக்கு கிடைக்காவிட்டால் கண்ணால் பார்த்து வேகத்தை முடிவுசெய்ய வழி உண்டா?

சுருள்பெட்டி:
உண்டு. நடையைப் பார்க்காதீர்கள், மனிதர்கள் கேமராவுக்காக வேகமாகவும் நடப்பார்கள், மெதுவாகவும் நடப்பார்கள். கீழே விழும் பொருளைப் பாருங்கள்: வெட்டப்பட்ட மரக்கிளை, தூக்கி எறிந்த வைக்கோல் கட்டு. புவியீர்ப்புக்கு நடிக்கத் தெரியாது. ஒரு மீட்டர் உயரத்திலிருந்து விழும் பொருள் தரையைத் தொட அரை நொடிக்குச் சற்றுக் குறைவாக, 0.45 நொடி ஆகும். 18-ல் எடுத்திருந்தால் அது 8 ஃபிரேம். ஃபிரேமை எண்ணுங்கள். நான்கைந்து இடத்தில் எண்ணிச் சராசரி எடுத்தால் போதும்.

படச்சட்டத்தையும் கவனியுங்கள். ஊமைப்பட நெகட்டிவ் ஃபிலிமின் முழு அகலத்தையும் பயன்படுத்தும், 1.33 விகிதம். பிற்காலத்தில் அதை ஒலித்தடத்துக்கு இடம் விட்ட ஃபிலிமில் பிரதி எடுத்திருந்தால் இடப்பக்கம் ஒரு பட்டை காணாமல் போயிருக்கும். நடுவில் நிற்கவேண்டிய முகம் எப்போதும் இடப்புறம் ஒதுங்கி, நெற்றியும் மேலே இடித்துக்கொண்டு நின்றால் அதுதான் காரணம். அதைத் திருத்த வழி இல்லை. குறைந்தபட்சம் 16:9-க்கு நிரப்புகிறேன் என்று மேலும் கீழும் வெட்டிவிடாதீர்கள். பக்கவாட்டில் கறுப்பு இருந்தால் இருக்கட்டும்.

தெற்குச்சாளரம்:
சுருள்பெட்டி அண்ணே, அந்தப் பிரதிகள் எல்லாம் மாஸ்கோவில் எப்படித் தங்கின? திபிலீசியில் ஒன்றும் இல்லையா என்று கேட்பார்கள்.

சுருள்பெட்டி:
சோவியத் முறைப்படி குடியரசு ஸ்டுடியோக்களின் படங்களை மையக் காப்பகத்துக்கு அனுப்பவேண்டும். கோஸ்ஃபில்மோஃபோண்ட் 1948-ல் பெலியே ஸ்தோல்பியில் அமைந்தது. யூனியன் உடைந்ததும் படம் ஒரு நாட்டில், அதை எடுத்தவர்களின் பிள்ளைகள் வேறொரு நாட்டில். 1930-களின் மூலச்சுருள் பெரும்பாலும் நைட்ரேட். எளிதில் தீப்பற்றும், பற்றினால் தண்ணீராலும் அணையாது. மங்கும், பிசுபிசுக்கும், கொப்புளிக்கும், கடைசியில் பழுப்புத் தூளாகும். அதனால் அசிடேட்டில் பிரதி எடுத்து வைத்தார்கள், அதற்கும் 'வினிகர் நோய்' உண்டு: புளித்த வாடை வந்து சுருள் சுருங்கும். சுருங்கிய சுருளைச் சாதாரணப் பல்சக்கர இயந்திரத்தில் ஓட்டினால் துளை கிழியும். பல் இல்லாமல் உருளையில் இழுக்கும் ஸ்கேனர் வேண்டும். 1,000 மீட்டரை 4கே-யில் 10 பிட் டிபிஎக்ஸ் கோப்பாக எடுத்தால் ஃபிரேமுக்கு 50 எம்பி வீதம் 2.6 டெராபைட் தாண்டும். காப்பகங்கள் ஏன் கேட்டதும் எடுத்துத் தருவதில்லை என்பதற்கு அரசியல் மட்டும் காரணமில்லை.

வரித்தலைப்பு:
சப்டைட்டில் என் பாடம் என்பதால் வருகிறேன்.

முதல் சிக்கல், ஒரே நேரத்தில் குரலையும் திரையில் இருக்கும் எழுத்தையும் மொழிபெயர்க்க வேண்டிவரும். லானாவின் குரல் ஜார்ஜிய மொழியில் ஓடும்போதே பின்னால் பழைய படத்தின் இடைத்தலைப்பு (ஊமைப்படக் காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டை) வரலாம். மாஸ்கோ பிரதிகளில் அது ரஷ்ய மொழியில் இருப்பது வழக்கம். இரண்டையும் கீழேயே போட்டால் எது யார் சொன்னது என்று தெரியாது. குரல் கீழே, திரையில் எழுதியிருப்பது மேலே. ஆங்கில சப்டைட்டிலில் குரலுக்குச் சாய்வெழுத்துப் போடுவார்கள். தமிழில் சாய்வெழுத்து வேண்டாம், பெரும்பாலான எழுத்துருக்களில் சாய்வு வடிவமே தனியாகக் கிடையாது, மென்பொருள் சாய்த்துத் தள்ளும், கொம்பும் காலும் மோதிக்கொள்ளும்.

இரண்டாவது, படிக்கும் வேகம். ஒரு வரிக்கு 32 முதல் 36 எழுத்து, இரண்டு வரிக்கு மேல் கூடாது, ஒரு வரி குறைந்தது ஒன்றரை நொடியாவது நிற்கவேண்டும். சப்டைட்டில் மென்பொருள் எண்ணுவது நம் எழுத்தை அல்ல, யூனிகோட் குறியை. 'கோகோபெரிட்ஸே' கண்ணுக்கு 6 எழுத்து, மென்பொருளுக்கு 12. அது சிவப்பில் எச்சரித்துக்கொண்டே இருக்கும், பயந்து வசனத்தைக் கொத்திக் குறைக்காதீர்கள். எச்சரிக்கை எல்லையை ஒன்றரை மடங்குக்கு ஏற்றி வைத்துவிட்டு, படத்தோடு ஓடவிட்டு வாயால் படித்துப் பாருங்கள். மூச்சு வாங்கினால் மட்டும் குறையுங்கள்.

மூன்றாவது, இந்தப் படத்துக்கே உரியது. ராச்சாவின் பனிமலை, வடக்கின் பனிவெளி. வெள்ளைப் பனியில் வெள்ளை எழுத்து. மற்ற படத்தில் நிழல் போட்டால் தப்பிக்கலாம், இங்கே 2கே அளவில் 2 அல்லது 3 பிக்சல் கறுப்பு ஓரம் இல்லாமல் ஒன்றும் தெரியாது. மஞ்சள் எழுத்து உதவும், ஆனால் கறுப்புவெள்ளைப் படத்தின் மேல் மஞ்சள் கண்ணைக் குத்தும். வெளிர் சாம்பல் எழுத்தும் கறுப்பு ஓரமும்தான் என் தேர்வு. வரி இடைவெளி 1.3 மடங்குக்குக் குறைந்தால் மேல் வரியின் 'ழு' வால் கீழ் வரியின் 'கீ' தலையில் இடிக்கும்.

வெட்டொட்டு:
ஜார்ஜிய மூல வசனப்பட்டியல் கிடைத்தால் அதிலிருந்து செய்யலாமே, ஆங்கில சப்டைட்டிலிலிருந்துதான் தமிழ் செய்யவேண்டுமா?

வரித்தலைப்பு:
ஜார்ஜியன் தெரிந்தவர் கிடைத்தால் அதைவிட நல்லது எது? ஒரு முன்னெச்சரிக்கை: பழைய ஜார்ஜியக் கோப்பைத் திறந்தால் ஜார்ஜிய எழுத்தே இருக்காது, நடுநடுவே பெரிய எழுத்து தலைகாட்டும் லத்தீன் குவியலாகத் தெரியும். கோப்பு கெட்டுப்போகவில்லை. நம் பாமினி எழுத்துரு மாதிரி அங்கேயும் அகாட்நுஸ்க் என்று ஒன்று இருந்தது, லத்தீன் விசைக்கு மேல் ஜார்ஜிய வடிவத்தை ஒட்டியது. யூனிகோடுக்கு மாற்றினால் 33 எழுத்தும் சரியாக வந்துவிடும். மாற்றும்போது பெரிய எழுத்தைச் சின்ன எழுத்தாக்கிவிடாதீர்கள், அங்கே இரண்டும் வேறு வேறு எழுத்து.

டிஜிட்டல்கொட்டகை:
அரங்கு பக்கத்துக் கதை. டிசிபி-யில் (அரங்குகளுக்கு அனுப்பும் டிஜிட்டல் படத் தொகுப்பு) தமிழ் சப்டைட்டிலை எழுத்துக் கோப்பாக ஏற்றாதீர்கள். பல அரங்குகளின் சர்வருக்கு நம் எழுத்தைக் கோக்கத் தெரியாது. கொம்பு எழுத்துக்குப் பின்னால் போய் நிற்கும், 'கொ' மூன்று துண்டாகும், புள்ளி தனியாக வட்டத்தோடு வரும். லேப்டாப்பில் சரியாக வந்தது அரங்கில் உடைந்ததே என்று கடைசி நேரத்தில் அழுவது இதனால்தான். வழி இரண்டு: ஒவ்வொரு வரியையும் பின்னணி இல்லாத பிஎன்ஜி படமாக மாற்றி ஏற்றுவது, அல்லது படத்திலேயே நிரந்தரமாகப் பதித்துவிடுவது, அதாவது எரிப்பது. எரிக்க உரிமையாளரின் அனுமதியும் குறியாக்கப் பூட்டில்லாத மூலமும் வேண்டும். விழாப் பிரதி பூட்டோடு வரும், அதனால் பெரும்பாலும் பிஎன்ஜிதான். அதுவும் முடியாத அரங்கில் இரண்டாவது புரொஜெக்டர் வைத்து, திரைக்குக் கீழே தனிப் பலகையில் ஒரு ஆள் வரிவரியாகத் தட்டவேண்டும். 89 நிமிடத்துக்கு எண்ணூறு வரி பக்கம் வரும் என்று வைத்துக்கொள்ளுங்கள். தட்டுபவர் படத்தை முன்பே இரண்டு முறையாவது பார்த்திருக்கவேண்டும்.

பூட்டைத் திறக்கும் கேடிஎம் சாவி ஒரு குறிப்பிட்ட சர்வருக்கு, குறிப்பிட்ட நேரத்துக்கு மட்டும். அரங்கில் மீடியா பிளாக்கை (சர்வரில் படத்தின் பூட்டைத் திறந்து ஓட்டும் அட்டை) மாற்றியிருந்தால் பழைய சான்றிதழுக்குச் செய்த சாவி திறக்காது. புதிய சான்றிதழைக் கேட்டு வாங்கி அனுப்புங்கள். நேரத்தை எழுதும்போது இந்திய நேரம் என்று தெளிவாகக் குறிப்பிடுங்கள். மாலை 4 மணி என்று நீங்கள் எழுத, அவர்கள் சர்வதேச நேரத்தில் 16:00 என்று போட்டால் சாவி இங்கே இரவு 9:30-க்குத்தான் உயிர் பெறும். எப்போதும் முந்தைய நாள் காலையிலிருந்தே கேளுங்கள், சோதனை ஓட்டமும் அதற்குள் முடியும்.

ஒலிக்கலவை:
யாரும் ஒலி பற்றிப் பேசவில்லையே! 1978, 1992 படங்களின் பழைய டிவி பிரதிகள் கிடைத்தால் அவை 25 ஃபிரேமில் இருக்க வாய்ப்பு அதிகம். 24-ல் எடுத்த படம் 25-ல் ஓடினால் 90 நிமிடம் 86 நிமிடம் 24 நொடியாகச் சுருங்கும். 24-க்குச் செய்த சப்டைட்டிலை அதில் போட்டால் கடைசிக் காட்சியில் மூன்றரை நிமிடம் பின்னால் வரும். நகர்த்திச் சரிசெய்யப் பார்க்காதீர்கள், ஆரம்பம் சரியானால் முடிவு கெடும். ஃபிரேம் விகிதத்தை மாற்றும் கட்டளையால் முழுக் கோப்பையும் சுருக்கவேண்டும். சுருதியும் அரைச்சுரத்தில் முக்கால் பங்கு அளவுக்கு ஏறும். பேச்சில் தெரியாது, ஜார்ஜியர்களின் பல்குரல் பாட்டு வந்தால் தெரியும். கீழ்க்குரல் மெலிந்துபோகும்.

'பூபா'வை ஒலியே இல்லாமல் காட்டலாமா என்று கேட்டால், காட்டலாம். ஆனால் அரங்கின் ஏசி இரைச்சலும் இருமலும்தான் இசையாகும். நேரடியாக வாசிக்க ஆள் கிடைத்தால் மலை என்றதும் புல்லாங்குழல் வேண்டாம் என்று மட்டும் சொல்லிவையுங்கள்.

தெற்குச்சாளரம்:
வரிசை பற்றி என் கருத்து. 'பூபா'வோடு கலடோஸவின் 'சுவானேத்திக்கு உப்பு' படத்தையும் வைக்கலாம். இரண்டும் 1930. இரண்டிலும் தாவித் ககாபாட்ஸே கலை வேலை செய்திருக்கிறார். பாரிஸில் இருந்தபோது கண்ணாடி அணியாமல் பார்க்கும் முப்பரிமாணச் சினிமாவுக்குக் காப்புரிமை வாங்கிய ஓவியர்! அவருடைய 1918 ஓவியம் 'இமெரெத்தி, என் அம்மா': முன்னால் கைவேலையோடு அமர்ந்திருக்கும் தாய், பின்னால் கட்டம் கட்டமாக வயல். லானா படத்துக்கு அறிமுகத் தாளின் அட்டையாகப் போடத் தோதானது.

கலடோஸவ் படத்தில் பிள்ளையைப் புதைத்த குழிமேல் தாய் தன் முலைப்பாலைப் பீய்ச்சும் காட்சி யாரையும் உலுக்கும். ஆனால் அது வெளியிலிருந்து வந்தவன் சடங்கைப் பார்த்து மிரளும் பார்வை. நுத்ஸாவின் படத்தை அதற்குப் பக்கத்தில் வைத்தால் கேமரா எவ்வளவு தூரத்தில் நிற்கிறது என்ற கேள்வி தானாக எழும்.

வெட்டொட்டு:
இயக்குநர் அபுலாட்ஸேயை விட்டுவிட்டு ஜார்ஜிய நினைவு பற்றிப் பேசுகிறோமே, அடுக்குமா? அவருடைய 'மன்றாட்டு', 1967 படம். வாழா ப்ஷாவேலாவின் கவிதைகளை வைத்து எடுத்தது. கொன்ற எதிரியின் வலக்கையை வெட்டிவர மறுத்தவனை ஊரே பனியில் துரத்துகிறது. முன்னோர் வழக்கம் என்பது ஒருவன் கழுத்தில் எப்படி ஏறி உட்காருகிறது என்பதற்கு அதைவிடச் சோதனையான படம் எது? வசனம் முழுக்கக் கவிதை, உதடு அசைவதுகூடக் குறைவு.

கறுப்புவெள்ளை:
மறுக்கவே இல்லை. ஆனால் அது குலத்தின் நினைவு, இது குடும்பத்தின் நினைவு. லானா படத்துக்குப் பக்கத்தில் அபுலாட்ஸேயை வைக்கவேண்டுமென்றால் 1984-ல் எடுத்து 1987-ல் பரவலாக வெளிவந்த 'மனந்திரும்புதல்'தான். அதில் மரக்கட்டைகள் வந்திறங்கும் முற்றம் ஒன்று உண்டு. எங்கோ மரம் வெட்ட அனுப்பப்பட்டவர்கள் கட்டையின் வெட்டுமுகத்தில் பெயரைச் செதுக்கி அனுப்பியிருப்பார்களா என்று சேற்றில் கட்டை கட்டையாகப் பெண்கள் தேடுவார்கள். ஆளின் படம் இல்லை, கடிதம் இல்லை, மரத்தில் கீறிய பெயர் மட்டும். லானா தன் படத்தில் செய்வதும் அந்தத் தேடல்தான், கட்டைக்குப் பதில் ஃபிலிம். ஆனால் அது இரண்டரை மணி நேரப் படம். ஒரே நாளில் இரண்டும் வேண்டாம்.

நிழற்பெட்டி:
குடும்ப ஆல்பத்தை வைத்து இதே மாதிரி படம் எடுக்க நினைப்பவர்களும் இந்த இழையைப் படிக்கக்கூடும், புகைப்படங்களைப் பற்றிச் சில வார்த்தை. பழைய கறுப்புவெள்ளைப் படத்தின் இருண்ட பகுதியில் நீல வெள்ளிப் பளபளப்பு ஏறியிருக்கும். தட்டையான ஸ்கேனரில் வைத்தால் அது பனிமூட்டமாகப் பதியும். படத்தை மேசையில் வைத்து, இரு பக்கமும் 45 பாகையில் இரண்டு விளக்கு, இரண்டுக்கும் முன்னால் ஒரே திசையில் போலரைசர் தாள் (ஒரு திசையில் அதிரும் ஒளியை மட்டும் விடுவது), லென்ஸில் இன்னொரு போலரைசரை அதற்குக் குறுக்காகத் திருப்புங்கள். பளபளப்பு மறையும் புள்ளி கண்ணுக்கே தெரியும். ஒளி மூன்று ஸ்டாப்பாவது குறையும், கறுப்பு ஆழமாகும், அதற்கேற்ப வெளிச்சத்தை ஏற்றிக்கொள்ளுங்கள்.

அளவு: 9 செ.மீ. அகலப் படம் 4கே சட்டத்தை நிரப்ப 1,100 டிபிஐ (ஓர் அங்குலத்துக்கு இத்தனை புள்ளி) வேண்டும். முகத்துக்குள் இரண்டு மடங்கு நெருங்கப் போகிறீர்கள் என்றால் 2,200. ஆனால் பெரிதாக்கி அச்சிட்ட படத்தில் 600-க்கு மேல் விவரமே இருக்காது, தாளின் நார்தான் தெரியும். நெகட்டிவிலிருந்து நேராக ஒட்டி எடுத்த சின்னப் படங்களில் கொஞ்சம் கூடுதலாகக் கிடைக்கும். ஆல்பத்திலிருந்து பிய்க்காதீர்கள். பின்பக்கம் எழுதியிருந்தால் அதையும் அதே ஒளியில் எடுங்கள். முன்பக்கத்தைவிட அதுதான் படத்தொகுப்பில் உதவும்.

எல்லாப் படத்தையும் மெதுவாக உள்ளே நெருங்கும் அசைவோடு ஓட்டுவது ஒரு நோய். லானாவின் படத்தில் குரல் சுமக்கும் இடத்தில் படம் சும்மா நிற்கலாம். நிற்கட்டும், ஆறு நொடி ஏழு நொடி அசையாமல் நின்றால் யாரும் எழுந்து போகமாட்டார்கள்.

மதுரைத்திரை:
எல்லோருக்கும் நன்றி. இப்போதைக்கு இப்படி: முதல் நாள் மாலை 'பூபா', இடைவேளைக்குப் பின் 1978 படம். மறுநாள் 'அம்மாவும் மகளும்'. மூன்றாம் தலைமுறையான சலோமே அலெக்சியின் 2014 படம் 'கடன் வரம்பு' பற்றி யாரும் சொல்லவில்லையே, அதைச் சேர்க்கலாமா?

தெற்குச்சாளரம்:
தனியாக வேறு மாதம் வையுங்கள். அடகுக் கடன், வட்டி, கைவிட்டுப் போகும் வீடு என்று இன்றைய திபிலீசி பற்றிய படம். நல்ல படம், ஆனால் இந்த இரண்டு நாளில் சேர்த்தால் 'மூன்று தலைமுறை இயக்குநர்கள்' என்ற செய்தித்தாள் தலைப்புக்காகச் சேர்த்தது மாதிரி ஆகிவிடும்.

டிஜிட்டல்கொட்டகை:
மதுரைத்திரை, 'பூபா' பிரதி 24-ல் திருத்தியதா இல்லையா என்று தெரிந்ததும் இங்கே போடுங்கள். திருத்தாதது என்றால் டிசிபி செய்வதற்கு முன்பே ஃபிரேம் இரட்டிப்பை முடிக்கவேண்டும், அரங்கு சர்வரில் 18-ஐ அப்படியே ஓட்டச் சொன்னால் பெரும்பாலானவை மறுத்துவிடும்.

மதுரைத்திரை:
கோப்பு வந்ததும் சுருள்பெட்டி சார் சொன்ன மாதிரி விழும் பொருள் ஐந்தை எண்ணிப் பார்த்து எழுதுகிறேன். வரித்தலைப்பு, மேலே வரும் இடைத்தலைப்புக்குத் தனிக் கோப்பு வேண்டுமா, ஒரே எஸ்ஆர்டி (சாதாரண சப்டைட்டில் கோப்பு) போதுமா?

வரித்தலைப்பு:
தனிக் கோப்பு. எஸ்ஆர்டி-யில் மேலே நிறுத்தும் குறியை எல்லாக் கருவியும் மதிக்காது. எழுத்தின் இடத்தையும் தோற்றத்தையும் குறிக்க முடிகிற ஏஎஸ்எஸ் வடிவத்தில் இரண்டு பாணி வைத்துச் செய்து, அதிலிருந்து பிஎன்ஜி எடுங்கள். கோப்பை யூடிஎஃப்-8-ல் சேமித்தீர்களா என்று ஒருமுறை பாருங்கள்.